கொல்லியா, முடக்கியா? குளோராம்பெனிகால் என்ற சொல்லும் நம் செம்பனைத் தோட்டங்களும்



எனக்கு முன் இந்த மேடையில் நின்றவர்கள் இலக்கியம் பேசினார்கள். நான் 32 ஆண்டுகள் மருந்து எண்ணிக் கொடுத்தவன். அதனால் மருந்தலமாரியிலிருந்து ஒரே ஒரு சொல்லை எடுத்து வந்திருக்கிறேன். அந்தச் சொல் குளோராம்பெனிகால்.

வீட்டுக்குப் போனதும் ஐஸ்பெட்டியின் கதவுத் தட்டைப் பாருங்கள். பேரப்பிள்ளைக்குக் கண் சிவந்து பீளை தள்ளியபோது கிளினிக்கில் கொடுத்த கட்டைவிரல் உயரக் குப்பி ஒன்று அங்கே இருக்கக்கூடும். அதன் ஒட்டுத்தாளில் 0.5% என்ற எண்ணுக்கு முன்னால் நீளமாக ஒரு பெயர் ஓடும். அதுதான் நான் சொல்லும் பெயர். திறந்து 28 நாள் ஆகிவிட்டால் அந்தக் குப்பியைத் தூக்கிப் போட்டுவிடுங்கள். போடுவதற்கு முன் அந்தப் பெயரை ஒருமுறை எழுத்துக்கூட்டிப் படியுங்கள். நம் தோட்டத்து மக்களின் உடம்போடு இவ்வளவு நெருங்கிய உறவுள்ள வேதியியல் பெயர் வேறொன்றை நான் அறியேன்.

இங்கிருக்கும் ஆசிரியர்களுக்குப் பகுபத உறுப்பிலக்கணத்தை நான் சொல்லித்தர வேண்டியதில்லை. நன்னூல் வகுத்த வழியில் ‘நடந்தனன்’ என்ற சொல்லை நட, த், த், அன், அன் என்று பிரித்து, நடுவில் த் எப்படி ந் ஆனது என்றும் காட்டிவிடுவீர்கள். குளோராம்பெனிகால் என்பதும் ஒரு பகுபதம்தான். குளோர், ஆம், பெ, னி, கால் என்று ஐந்து உறுப்புகள். குளோர் என்பது குளோரின். அந்த மூலக்கூறில் இரண்டு குளோரின் அணுக்கள் உண்டு. ஆம் என்பது அமைடு. நம் தசையிலுள்ள புரதத்தைக் கண்ணி கண்ணியாகக் கோத்து வைத்திருப்பதும் இதே வகைப் பிணைப்புதான். பெ என்பது பீனைல், ஆறு கார்பன் கைகோத்து நிற்கும் வளையம். னி என்பது நைட்ரோ, ஒரு நைட்ரஜனும் இரண்டு ஆக்சிஜனும் சேர்ந்த தொகுதி. கடைசியில் வரும் கால் என்பது கிளைக்காலின் வால். வேதியியல் முழுப்பெயர் ஒரு வரி நீளும். அதிலிருந்து துண்டுகளைக் கிள்ளிக் கோத்துச் செய்த பெயர் இது. இந்த ஐந்தையும் படிக்கத் தெரிந்தவர், மருந்தைப் பார்க்காமலே அதன் உடம்பில் என்னென்ன இருக்கிறது என்று சொல்லிவிடலாம்.

இதே மருந்துக்கு இன்னொரு பெயரும் உண்டு: குளோரோமைசெட்டின். அமெரிக்காவின் பார்க் டேவிஸ் நிறுவனம் விற்பனைக்காக வைத்த பெயர். அதில் உள்ள ‘மைசெட்’ பூஞ்சையைக் குறிக்கும் கிரேக்க வேரிலிருந்து வந்தது. யேல் பல்கலைக்கழகத்தின் பால் பர்க்ஹோல்டர், வெனிசுவேலாவின் தலைநகர் கராக்கஸுக்கு அருகே ஒரு வயலில் எடுத்த மண்ணிலிருந்து, பூஞ்சை போல இழைவிட்டு வளரும் ஒரு பாக்டீரியாவைப் பிரித்தார். அதற்கு ஸ்ட்ரெப்டோமைசிஸ் வெனிசுவேலே என்று அந்த நாட்டின் பெயரையே வைத்தார்கள். அதிலிருந்து கிடைத்த மருந்தைப் பற்றிய முதல் அறிக்கை 1947இல் வெளிவந்தது. ஆக, விற்பனைப் பெயர் மருந்தின் பிறந்த வீட்டைச் சொல்கிறது, பொதுப்பெயர் அதன் உடம்பைச் சொல்கிறது. நோயாளிக்கு இரண்டாவது பெயர்தான் வேண்டும் என்பது என் கட்சி. ஒரே மருந்தை நாலு நிறுவனம் நாலு பெயரில் விற்கும். ஒவ்வாமை வந்தவர் கையில் பொதுப்பெயர் இருந்தால்தான் அடுத்த முறை தப்பிக்க முடியும்.

சரி, வெனிசுவேலா மண்ணுக்கும் நம் மலேசியாவின் கோல சிலாங்கூருக்கும் என்ன உறவு?

இங்கிருந்து சற்று உள்ளே போனால் தென்னமாரம் தோட்டம். காதுக்குத் தமிழாகவே ஒலிக்கும் பெயர். ஆனால் அந்தத் தோட்டம் பெயர் பெற்றது தென்னையால் அல்ல. பிரெஞ்சுக்காரரான ஆன்றி ஃபொக்கொனியே 1917இல் இந்த நாட்டின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டத்தைப் போட்டது அங்கேதான். அதற்குப் பிறகு காடு விழுந்தது, செம்பனை எழுந்தது. செம்பனை காய்த்தால் உதிரிப்பழம் விழும், உதிரிப்பழம் விழும் இடத்துக்கு எலி வரும், எலியின் காதுக்குள் சிவப்புப் புள்ளியாக ஒட்டிக்கொண்டு உண்ணி வரும். அது கண்ணுக்குச் சட்டென்று தெரியாத பூச்சி. வளர்ந்த பூச்சி யாரையும் கடிப்பதில்லை. முட்டையிலிருந்து வந்த இளம் பூச்சிதான் எலியையும் மனிதரையும் பற்றுகிறது. லாலான் புல்லிலும் புதர் ஓரத்திலும் காத்திருந்து, குலை வெட்ட வருபவர் காலில் ஏறி, இடுப்புக் கயிற்றடியில், அக்குளில், தொடையிடுக்கில் போய் உட்காரும். பத்து நாள் கழித்துக் காய்ச்சல். கடித்த இடத்தில் சுருட்டால் சுட்டதுபோல் ஒரு கறுப்புப் பொருக்கு. வலிக்காது, அரிக்காது. கைலிக்கும் சேலைக்கும் அடியில் இருப்பதால் கேட்டால்தான் காட்டுவார்கள். ஆண் வைத்தியரிடம் நம் பெண்கள் கேட்டாலும் காட்டியதில்லை. இதைத்தான் தமிழ்நாட்டில் இன்று உண்ணிக் காய்ச்சல் என்கிறார்கள். மருத்துவ நூல் புதர்க்காட்டு டைஃபஸ் என்னும்.

1920களில் கோலாலம்பூர் மருத்துவ ஆய்வுக் கழகத்தில் வில்லியம் ஃபிளெட்சரும் லெஸ்லரும் இந்தக் காய்ச்சலைத் துருவிக்கொண்டிருந்தார்கள். ஊருக்குள் கடைத்தெருவில் வருவது ஒரு வகை, தோட்டத்திலும் புதரிலும் வருவது வேறு வகை என்று பிரித்துக் காட்டியவர்கள் அவர்கள். தோட்டத்து வகையை இரத்தத்தில் அடையாளம் காட்டிய சோதனைக்கு ‘கே’ என்ற எழுத்தைச் சேர்த்தார்கள். அந்தக் குறிப்பிட்ட பாக்டீரியா வளர்ப்பை இங்கே கொண்டுவந்த கிங்ஸ்பரி என்பவரின் பெயரின் முதலெழுத்து அது. பிறகு பல பத்தாண்டுகள் உலகின் எந்த மூலையில் இந்தச் சோதனையைச் செய்தாலும் ஓஎக்ஸ்கே என்றுதான் எழுதினார்கள். கோலாலம்பூர் ஆய்வுக்கூடத்து மேசையில் ஒட்டிய எழுத்து உலகமெல்லாம் போயிற்று. அந்த மேசைக்கு இரத்தம் கொடுத்த கூலிகளின் பெயருக்கு ஓர் எழுத்துகூட எந்தச் சோதனையிலும் இல்லை. அதை இந்த மேடையில் சொல்லாமல் போக எனக்கு மனமில்லை.

நோய் தெரிந்துவிட்டது, மருந்துதான் இல்லை. தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்து கொடுக்கும் டிரெசர் ஐயாவால் முடிந்ததெல்லாம் ஈரத்துணியும் கஞ்சியும் காத்திருப்பும்.

1948 மார்ச் மாதம் ஜோசப் ஸ்மேடல் தலைமையில் அமெரிக்க இராணுவ மருத்துவ ஆய்வுக் குழு ஒன்று கோலாலம்பூரில் வந்து இறங்கியது. தியடோர் உட்வர்ட், ஹெர்பர்ட் லே, கார்னீலியஸ் பிலிப், ராபர்ட் டிராப் ஆகியோர் அதில் இருந்தார்கள். ஆய்வுக் கழகத்திலிருந்து ரேமண்ட் லெவ்த்வெய்ட்டும் எஸ். ஆர். சவூரும் சேர்ந்தார்கள். கொண்டுவந்தது குளோரோமைசெட்டின். அதற்குச் சில மாதம் முன்புதான் பொலிவியாவில் வேறு வகை டைஃபஸுக்கு அதைக் கொடுத்துப் பார்த்திருந்தார்கள். உண்ணிக் காய்ச்சலுக்கு மருந்து பெற்ற முதல் 25 பேரில் ஒருவரும் சாகவில்லை. இரண்டு வாரம் கொதிக்கும் காய்ச்சல் சராசரியாக 31 மணி நேரத்தில் இறங்கிற்று. அதே ஆண்டு ‘சயின்ஸ்’ இதழில் அந்த அறிக்கை வந்தது.

அந்த வார்டில் இன்னொன்றும் நடந்தது. டைஃபஸ் என்று நினைத்து மருந்து கொடுத்த சிலருக்குப் பின்னர் இரத்தத்தைப் பார்த்தால் டைஃபாய்டு. இரண்டும் பெயரால் அக்காள் தங்கை போல இருந்தாலும் கிருமியால் வேறு வேறு. ஆனால் காய்ச்சல் இறங்கிக்கொண்டிருந்தது! டைஃபாய்டுக்கு அதுவரை உலகில் மருந்தே கிடையாது. பிறகு தெரிந்தே டைஃபாய்டு நோயாளிகளுக்குக் கொடுத்தார்கள். முதல் 10 பேரிடம் சுமார் மூன்றரை நாளில் காய்ச்சல் தணிந்தது. டைஃபாய்டை மருந்தால் அடக்க முடியும் என்று மனிதகுலம் முதலில் கண்டுகொண்டது கோலாலம்பூரில். நம் பள்ளிப் பாடநூலில் இது ஒரு வரியாவது இருக்க வேண்டும்.

அடுத்த ஆண்டு, 1949இல், பார்க் டேவிஸ் ஆய்வுக்கூடத்தில் மில்ட்ரெட் ரெப்ஸ்டாக் என்ற பெண் வேதியியலாளரும் கூட்டாளிகளும் இந்த மூலக்கூறை மண் நுண்ணுயிரின் துணையில்லாமல் குடுவையிலேயே செய்துகாட்டினார்கள். இடக்கைக்கும் வலக்கைக்கும் ஒரே கையுறை பொருந்தாது அல்லவா, அதுபோல இந்த மூலக்கூறுக்கு நான்கு வடிவங்கள் உண்டு. கிருமியின் மேல் பொருந்துவது ஒன்றே ஒன்று. அந்த ஒன்றைப் பிரித்தெடுத்ததில்தான் அவருடைய கைவன்மை இருந்தது. முழுக்கச் செயற்கையாகவே ஆலையில் பெருமளவு செய்யப்பட்ட முதல் ஆண்டிபயாட்டிக் இதுதான்.

இங்கே சொல்லுக்கு ஒரு சங்கடம் வந்தது. ஆண்டிபயாட்டிக் என்ற சொல்லுக்கு வரையறை கொடுத்தவர் செல்மன் வாக்ஸ்மன். ஒரு நுண்ணுயிர் உண்டாக்கி மற்றொரு நுண்ணுயிரைத் தடுக்கும் பொருள் என்பது அவர் வரையறை. குடுவையில் மனிதர் செய்ததை அப்படி அழைக்கலாமா? உலகம் அழைத்துவிட்டது. வரையறையைக் கொஞ்சம் தளர்த்திக்கொண்டது, அவ்வளவுதான். தமிழில் நமக்கு இருக்கும் சிக்கல் இதைவிடப் பெரிது. நான் உங்கள் முன் வைக்க வந்த வழக்கும் அதுதான்.

ஆண்டிபயாட்டிக்கை நாம் நுண்ணுயிர்க்கொல்லி என்று எழுதுகிறோம். செய்தித்தாளும் எழுதுகிறது, துண்டுப்பிரசுரமும் எழுதுகிறது. தோட்டத்துக்காரன் காதில் ‘கொல்லி’ என்ற சொல் எப்படி விழும் என்று யோசித்துப் பாருங்கள். நமக்குத் தெரிந்த கொல்லிகள் களைக்கொல்லியும் பூச்சிக்கொல்லியும்தான். முதுகில் டாங்கியைக் கட்டிக்கொண்டு நம் தாய்மார் அடித்தது. இன்றைக்கு அடித்தால் நாளை மறுநாள் புல் கருகிக் கிடக்கும். கருகிவிட்டால் வேலை முடிந்தது, மறுபடி அடிக்க வேண்டியதில்லை. இந்தப் படத்தை மனத்தில் வைத்துக்கொண்டுதான் நம் மக்கள் மாத்திரை சாப்பிட்டார்கள்.

குளோராம்பெனிகால் உண்ணிக் காய்ச்சல் கிருமியையும் டைஃபாய்டு கிருமியையும் கொல்வதில்லை. முடக்குகிறது. பூக்கட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். பூ பூவாக எடுத்து வைத்து, ஒவ்வொன்றுக்கும் நார் சுற்றி முடிச்சு விழும், சரம் நீளும். கிருமிக்குள்ளும் இப்படித்தான் அமினோ அமிலங்களைக் கோத்துப் புரதச் சரம் கட்டும் இடம் உண்டு. அதற்கு ரைபோசோம் என்று பெயர். அதன் பெரிய பாதியில், சரியாக முடிச்சு விழும் இடத்தில், இந்த மருந்து போய் விரலை வைத்துக்கொள்கிறது. சரம் நின்றுவிடுகிறது. கிருமி வளராது, பெருகாது, ஆனால் உயிரோடிருக்கும். விரலை எடுத்தால் மறுபடி கட்டத் தொடங்கும். மருந்து விரலை வைத்திருக்கும் நாட்களில் நம் உடம்பின் காவல் படைதான் கிருமியை ஒழித்து முடிக்க வேண்டும். மூளைக்காய்ச்சல் உண்டாக்கும் சில கிருமிகளை இதே மருந்து கொல்லவும் செய்கிறது. அதையும் சொல்லிவிட வேண்டும். நம் தோட்டங்களில் இதைத் தேடிவந்த இரண்டு காய்ச்சலிலும் அது முடக்கி மட்டுமே.

1964இல் எனக்கு ஒன்பது வயது. அம்மாவுக்குக் காய்ச்சல். பாயில் படுத்தபடி பேர் சொல்லிக் கூப்பிட்டால் வேறு யாருடைய பேரையோ சொன்னார். தோட்டத்து ஆஸ்பத்திரியில் காகிதப் பொட்டலத்தில் கேப்சூல் கொடுத்தார்கள். பொட்டலத்தில் பெயர் இல்லை. “பெரிய காய்ச்சல் மருந்து, நாலு வேளையும் போடும்மா” என்றதோடு சரி. இரண்டாம் நாள் சாயங்காலம் உடம்பு வேர்த்துக் குளிர்ந்தது. மூன்றாம் நாள் விடியலில் அம்மா ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்குப் போய் நின்றார். நாள் சம்பளம், நிற்காவிட்டால் அந்த நாள் போயிற்று. “காச்சல்தான் விட்டுருச்சே, மருந்த ஏன் வீணாக்கணும்” என்று மிச்சக் கேப்சூல்களை மைலோ டின்னில் போட்டு, சாமி படத்துக்குப் பின்னால் வைத்தார். பிள்ளைகளுக்கு எப்போதாவது உதவும் என்று. ஒன்பது நாள் கழித்துக் காய்ச்சல் திரும்ப வந்தது, முன்னைவிடக் கடுமையாக. குலை ஏற்றும் டிராக்டரில் சாக்கு விரித்துப் படுக்கவைத்துப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். மூன்று வாரம். திரும்பி வந்தபோது தலைமுடி பாதி கொட்டியிருந்தது.

என் அம்மா அறியாமையால் மருந்தை நிறுத்தவில்லை. அவருக்குத் தெரிந்த கொல்லியின் கணக்கு அது: புல் கருகிவிட்டது, வேலை முடிந்தது. ‘இது கிருமியைக் கட்டிப்போடும் மருந்தும்மா, கட்டை அவிழ்த்தால் எழுந்துவிடும், உன் உடம்பு அதை முடிக்கும்வரை போட்டுக்கொண்டே இரு’ என்று ஒருவர் தமிழில் சொல்லியிருந்தால் அவர் மாத்திரையை எண்ணி எண்ணிப் போட்டிருப்பார். ரப்பர்ப் பால் வாளியில் கட்டிப்பாலை எண்ணத் தெரிந்தவருக்கு அது பெரிய கணக்கா? பிற்காலத்தில் நான் படித்தபோதுதான் தெரிந்தது, நோய் தொடங்கிய முதல் நாட்களிலேயே மருந்தைத் தொடங்கிச் சீக்கிரம் நிறுத்தியவர்களுக்கு உண்ணிக் காய்ச்சல் திரும்பி வருவதை ஆய்வாளர்களே கண்டு எழுதியிருந்தார்கள். டைஃபாய்டிலும் அப்படியே, அதனால்தான் இரண்டு வாரம் கொடுக்கும் வழக்கம் வந்தது. அந்த அறிவு ஆங்கிலத்தில் இருந்தது. எங்கள் லயத்துக்கு வந்து சேர்ந்தது ‘கொல்லி’ மட்டும்.

பெயரின் நான்காம் உறுப்புக்கு வருகிறேன். னி, நைட்ரோ. பென்சீன் வளையத்தில் நைட்ரோ என்பதைச் சாய ஆலையிலும் வெடிமருந்திலும் பார்த்துப் பழகியவர்கள் வேதியியலார். உயிர்ப்பொருளில் அது மிக அரிது. மருந்து வந்து ஓரிரு ஆண்டுகளிலேயே, குணமாகிப் போன சிலர் வாரங்கள் கழித்து இரத்தம் வற்றி இறக்கும் செய்திகள் வரத் தொடங்கின. எலும்பு மச்சை இரத்தம் உண்டாக்குவதையே நிறுத்திவிடும் நோய் அது. ஏறக்குறைய 25,000 முதல் 40,000 பேரில் ஒருவருக்கு வரும், யாருக்கு வரும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது. 1952இல் அமெரிக்காவில் எச்சரிக்கை அச்சிட வைத்தார்கள். 1959இல் இன்னொரு துயரம் வெளிவந்தது. பிறந்த சிசுக்களின் ஈரல் இந்த மருந்தைக் கழிக்க முடியாமல், குழந்தை சாம்பல் நிறமாகி மாண்டது. அம்மா டின்னில் எடுத்து வைத்த கேப்சூல்களை நினைக்கும்போதெல்லாம் என் தம்பி அப்போது தொட்டிலில் இருந்ததும் கூடவே நினைவுக்கு வரும். அப்பா அந்த டின்னை ஆற்றில் கொட்டிவிட்டு வந்தார்.

எலும்பு மச்சை சாவதற்கு நைட்ரோ காரணம் என்ற சந்தேகம் வலுத்தபோது வேதியியலார் அதை எடுத்துவிட்டுக் கந்தகம் உள்ள ஒரு தொகுதியை வைத்தார்கள். அதன் பெயர் தயாம்பெனிகால். முன்னால் வரும் ‘தய்’ கந்தகத்தைச் சொல்கிறது. அந்தக் கொடிய இரத்தச்சோகை இதில் மிக அரிது. ஆனால் பெயரைக் கவனியுங்கள்: நைட்ரோ போய்விட்டது, ‘னி’ இன்னும் நிற்கிறது! வீட்டை விற்றுப் பட்டணம் போனவர் பெயருக்கு முன் ஊர்ப்பெயர் ஒட்டியிருப்பதுபோல. சொல்லாக்கத்தில் இது எனக்கு மிகப் பிடித்த இடம். பகுபதமாகப் பிறந்த சொல், குடும்பப் பெயராக மாறும்போது பகாப்பதமாகிவிடுகிறது. பிறகு வந்த ஃப்ளோர்ஃபெனிகாலில் ஃப்ளூரின் சேர்ந்தது. கிருமிகள் இந்த மருந்தைச் செயலிழக்கவைக்கப் பற்றும் கைப்பிடி ஒன்று உண்டு. ஃப்ளூரின் அந்தக் கைப்பிடியை எடுத்துவிட்டது. அது கால்நடைகளுக்கு.

அந்தக் கைப்பிடியைக் கிருமிகள் பற்றக் கற்றுக்கொண்ட செய்தியில் ஒரு பெரிய அத்தியாயம் தமிழ்நாட்டுக்கு அருகே, கேரளத்தில் கோழிக்கோட்டில் எழுதப்பட்டது. 1972இல் அங்கே குளோராம்பெனிகாலுக்கு மசியாத டைஃபாய்டு பரவியது. அதே ஆண்டு மெக்சிகோவிலும். கோலாலம்பூரில் தொடங்கிய வெற்றி 24 ஆண்டுதான் முழுதாக நின்றது. உண்ணிக் காய்ச்சலுக்கும் இன்று டாக்சிசைக்ளினும் அசித்ரோமைசினும் வந்துவிட்டன. கடுமையான உண்ணிக் காய்ச்சலுக்கு அவ்விரண்டையும் சேர்த்துக் கொடுப்பது நல்லதென்று, வேலூர் கிறித்துவ மருத்துவக் கல்லூரி முன்னின்று சுமார் 800 நோயாளிகளிடம் நடத்திய ஆய்வு 2023இல் வெளிவந்தது. எந்த மாவட்டங்களிலிருந்து நம் பாட்டன்மார் கப்பலேறினார்களோ அந்த மண்ணில் இந்தக் காய்ச்சல் இன்னும் ஆளைக் கொல்கிறது.

இங்கே மலேசியாவில் குளோராம்பெனிகால் என்ற பெயர் இப்போது வேறு வாசல் வழியாக வருகிறது. உணவுக்கு வளர்க்கும் பிராணிகளுக்கு இந்த மருந்தைக் கொடுக்கக் கூடாது என்பது பல நாட்டுச் சட்டம். எச்சம் எவ்வளவு குறைவாக இருந்தால் ஆபத்தில்லை என்று யாராலும் எல்லை போட முடியவில்லை, அதனால்தான் முழுத் தடை. 2016 ஏப்ரலில் தீபகற்ப மலேசியாவின் இறாலை அமெரிக்கா துறைமுகத்திலேயே நிறுத்திவைத்தது. எச்சரிக்கையில் இருந்த பெயர்களில் ஒன்று குளோராம்பெனிகால். நம் கடற்கரைப் பக்கம் இறால் குட்டை வேலைக்குப் போகும் பிள்ளைகளுக்கு அந்த அறிவிப்பை அவர்கள் மொழியில் யாராவது விளக்கினார்களா?

அதனால் என் வேண்டுகோள் கலைச்சொல்லாக்கம் செய்பவர்களுக்கு. ஆண்டிபயாட்டிக் அனைத்துக்கும் பொதுவாக நுண்ணுயிர் எதிர்ப்பி என்று வையுங்கள். அதற்குள் கொல்வதற்குக் கொல்லி, நிறுத்திவைப்பதற்கு முடக்கி என்று இரண்டாகப் பிரியுங்கள். இரண்டும் நம் வாயில் ஏற்கெனவே புழங்கும் சொற்கள். நான் தொகுத்துவரும் மருந்துச் சொற்கையேட்டில் எழுதியிருக்கும் பதிவைப் படித்துவிட்டு உட்காருகிறேன். அம்மாவுக்கு இதைப் படித்துக் காட்டியிருக்கிறேன். கேட்டுவிட்டு, கடைசி வரியை மட்டும் இன்னொரு முறை படிக்கச் சொன்னார்.

குளோராம்பெனிகால்: பெயர்ச்சொல். குளோரின், அமைடு, பீனைல், நைட்ரோ, கிளைக்கால் ஆகியவற்றின் துண்டுகளால் ஆன மருந்துப் பெயர். நுண்ணுயிர் முடக்கி, சில கிருமிகளுக்குக் கொல்லி. கிருமியின் புரதச் சரம் கட்டும் வேலையை நிறுத்தும். 1948இல் கோலாலம்பூரில் உண்ணிக் காய்ச்சலுக்கும் டைஃபாய்டுக்கும் பயன் கண்டது. இரத்தத்துக்கும் சிசுவுக்கும் கேடு செய்யக்கூடியது. இன்று பெரும்பாலும் கண்ணுக்கு. காய்ச்சல் விட்ட பிறகும், சொன்ன நாள் வரை.